நான் அழிச்ச பென்சில் எழுத்து

என்ரை வேலை அழிக்கிறது. பரிஸிலை பாட்டிலேயே நாடகம் போடுற ஒரு பெரிய ஒப்பெரா மண்டபத்தின்ரை நிலக்கீழ் அறையிலை இருந்து, வாத்தியக்காரர் இசைத்தாளிலை பென்சிலாலை எழுதி வைக்கிறதையெல்லாம் அழிறப்பராலை அழிக்கிறன். எங்கடை தமிழ்க் கடையள் இருக்கிற லா சப்பலிலை ஆராவது என்ன வேலை எண்டு கேட்டால் இதைத்தான் சொல்லுவன். முதல் சிரிப்பினம். பிறகு, வெள்ளைக்காரன் அழிக்கிறதுக்கும் சம்பளம் குடுக்கிறானோ எண்டு கேப்பினம். குடுக்கிறான். ஏனெண்டால் அந்தத் தாளெல்லாம் வாடகைக்கு வாறது. பதிப்பகத்துக்குத் திருப்பி அனுப்பேக்கை வந்த மாதிரியே வெள்ளையாய்ப் போகவேணும். வயலின்காரன் ‘இஞ்சை மெதுவாய்’ எண்டு எழுதியிருப்பான். எக்காளம் ஊதுறவன் தன்ரை முறை வரும்வரைக்கும் அலுப்பிலை ஒரு பன்றியைக் கீறி வைச்சிருப்பான். மெதுவும் போகவேணும், பன்றியும் போகவேணும்.

இதிலை ஒரே ஒரு சட்டம்தான் இருக்கு. சாதாரணப் பென்சில் எண்டால் அழி, கலர்ப் பென்சிலைத் தொடாதை. கலரை உரசினால் தாள் முழுக்க அப்பிப் போகும். இந்த வேலைக்கு வர முதல் ஒன்பது வருசம் அதே மண்டபத்திலை நிலம் துடைச்சனான். தாள் அறைக்குப் பொறுப்பாய் இருந்த பிரெஞ்சு மனுசி, நான் மேசையைத் துடைக்கேக்கை ஒரு தாளின்ரை நுனி கூட மடியேல்லை எண்டதைக் கவனிச்சு என்னைக் கீழை எடுத்தா. சும்மா சொல்லக்கூடாது, நல்ல மனுசி. கை சுத்தம் எண்டு என்னைப் பற்றி எல்லாரிட்டையும் சொல்லுவா.

இந்தச் சுத்தமான கையாலைதான் ஒரு மனுசன்ரை தொழிலின்ரை கடைசி நாளைக் கெடுத்தனான். தெரியாமல் செய்திட்டன் எண்டு சொன்னால் ஆரும் நம்புவினம். ஆனால் தெரிஞ்சுதான் செய்தன். நல்லது செய்யிறன் எண்டு நினைச்சுச் செய்தன். அதாலைதான் இவ்வளவு நாளும் என்ரை மனுசனுக்குக் கூடச் சொல்லேல்லை.

அவர் இங்கிலீசுக்காரர். ஓர்கெஸ்ரா எண்ட வாத்தியக் குழுவுக்கு முன்னாலை சின்னத் தடியோடை நிண்டு நடத்துறவர். அப்பிடியான ஆக்களை இஞ்சை ‘மெத்ர்’ எண்டுதான் கூப்பிடுறது, வாத்தியார் மாதிரி ஒரு மரியாதைச் சொல். எங்கடை மண்டபத்துக்கு வருசத்துக்குப் பத்து மெத்ர் வருவினம். கனபேருக்கு என்னைக் கண்ணிலை தெரியாது. இவர் மட்டும் நிலக்கீழ் அறைக்குத் தானே படியிறங்கி வருவார். எண்பது வயசுக்குக் கிட்ட. தன்ரை பெரிய இசைப் புத்தகத்தை ஆரிட்டையும் குடுத்து விடமாட்டார், கைக்குழந்தை மாதிரி நெஞ்சோடை அணைச்சுக்கொண்டு வருவார்.

அந்தப் புத்தகம் ஒரே ஒரு ஒப்பெராவினது. கதை எனக்குச் சரியாய்த் தெரியாது. கடைசியிலை ஒரு பொம்பிளை சாகிறாள். நான் கண்ட அளவிலை ஒப்பெராவிலை எப்பவும் பொம்பிளைதான் சாகிறாள். நாற்பது வருசத்துக்கு மேலை ஒரே புத்தகத்தை வைச்சு நடத்தினவர். பக்கமெல்லாம் நீலப் பென்சில். எங்கை ஆர் தொடங்கவேணும், எங்கை அடக்கவேணும், எங்கை பாடுறவள் மூச்சு எடுப்பாள் எண்டு எல்லாம் நீலத்திலை. கடைசிப் பக்கத்திலை மட்டும் ஊர்ப் பேர்கள். இந்த ஒப்பெராவை எந்த ஊரிலை முழுசாய் நடத்தி முடிக்கிறாரோ, முடிச்ச அண்டைக்கு அந்த ஊரின்ரை பேரை அங்கை எழுதுவாராம். ஆரும் கேள்விப்படாத ஒரு சின்ன இங்கிலீசு ஊரிலை தொடங்கி, ஜேர்மன் ஊர்கள், இத்தாலி, லண்டன், அமெரிக்கா எண்டு பக்கத்தின்ரை அடி வரைக்கும் வந்திட்டுது. இன்னும் ஒண்டு ரண்டு பேருக்குத்தான் இடம் இருந்தது.

புத்தகத்தின்ரை முதுகு கிழிஞ்சு போய் நான் துணி வைச்சு ஒட்டின நாட்களிலை பக்கத்திலை கதிரையைப் போட்டு இருந்து கதைப்பார். தகப்பன் நிலக்கரிச் சுரங்கத்திலை வேலை, லீவு நாளிலை சுரங்கத்து ஆக்களின்ரை பாண்ட் குழுவிலை ஊதினவராம். தாய் ஊர் மண்டபத்தின்ரை படி கழுவினவ. நானும் முதல் இஞ்சை நிலம் துடைச்சனான் எண்டு சொன்னன். தலையை ஆட்டினார். அதுக்குப் பிறகு நான் கதிரையிலை இருந்தால்தான் அவரும் இருப்பார்.

அவர் நேரை மெத்ராய் வந்தவரில்லை. பாட்டுக்காரர் பழகேக்கை பியானோ வாசிக்கிற வேலையிலைதான் இருந்தவர். ஒருநாள் பின்னேரம் அங்கை நடத்துற பெரிய மெத்ருக்கு வயித்தைக் கலக்கி எழும்ப ஏலாமல் போச்சுதாம். இவர் ஆரோ ஒருத்தரின்ரை கறுப்புக் காற்சட்டையை இரவல் வாங்கி, இடுப்பிலை ஊசி குத்திக்கொண்டு போய்த் தடியைப் பிடிச்சவர். அண்டைக்குப் போட்டதும் இந்த ஒப்பெராதான். முழு நேரமும் ஊசி இடுப்பிலை குத்தினதாம், அதாலை ஒரு இடத்திலையும் வேகம் குறையேல்லையாம். இதைச் சொல்லிச் சொல்லிச் சிரிப்பார். ஒரு ஊரிலை மூண்டாம் நாள் காய்ச்சல் வந்து மிச்சத்தை வேறை ஆள் முடிச்சிருக்கு. அந்த ஊரின்ரை பேர் பட்டியலிலை இல்லை. ஏன் எண்டு கேட்டதுக்கு, முடிக்காததை எழுதக்கூடாது மடம் எண்டார். மடம் எண்டால் அம்மா எண்ட மாதிரி, இஞ்சை பொம்பிளையளை அப்பிடித்தான் கூப்பிடுறது.

என்ரை சாப்பாட்டுப் பெட்டியைத் திறந்தால் கறி மணம் படிக்கட்டாலை மூண்டாம் மாடி வரைக்கும் வருது எண்டு பகிடி விடுவார். அப்ப வந்து சாப்பிடுங்கோவன் எண்டு ஒருக்கால் கேட்டன். வாறன் எண்டிட்டார். ஒத்திகை தொடங்கிறதுக்கு முதல் ஒரு திங்கக்கிழமை மத்தியானம் அவரை லா சப்பலுக்குக் கூட்டிக்கொண்டு போனன். ரூ லூயி-பிளாங் எண்ட தெருவிலை எனக்குத் தெரிஞ்ச சாப்பாட்டுக் கடை. புட்டும் கணவாய்க் கறியும் எடுத்தம். மனுசன் ரசிச்சுச் சாப்பிட்டார். உள்ளுக்கை கொத்து ரொட்டி கொத்தி அடிக்கிற சத்தத்தைக் காது குடுத்துக் கேட்டிட்டு, அவன் பிழையாய்த்தான் அடிக்கிறான், ஆனால் ஒவ்வொரு தரமும் ஒரே மாதிரிப் பிழைக்கிறான், அதுதான் கஷ்டம் எண்டு சொன்னார். எனக்குச் சிரிப்பு அடக்கேலாமல் போச்சு.

பிறகு கை கழுவப் போனார். திரும்பி வந்து என்னட்டை வரேல்லை. பக்கத்து மேசையிலை ரெலிபோன் கடைப் பெடியள் ரண்டு பேர் சாப்பிட்டுக்கொண்டிருந்தவை, அவையோடை போய்க் கதிரையை இழுத்துப் போட்டு இருந்தார். அவங்கள் வாங்கோ ஐயா எண்டு சிரிச்சுக்கொண்டு இடம் விட்டாங்கள். நான் எழும்பிப் போய் மெத்ர் எண்டு கூப்பிட்டன். றோட்டிலை வழி கேக்கிற ஆளைப் பார்க்கிற மாதிரி என்னைப் பார்த்தார். நல்ல மரியாதையாய், எங்களுக்கு அறிமுகம் இருக்கோ மடம் எண்டு கேட்டார். 

கையைப் பிடிச்சு வெளியிலை கூட்டி வந்து, ரெயில் பாதைக்கு மேலை இருக்கிற கம்பி வேலியடியிலை நிப்பாட்டினன். கீழை ரெயில் போய்க்கொண்டிருந்தது. மெல்ல மெல்ல அவருக்கு நினைவு திரும்பி வந்தது. என்ரை முகத்தைப் பார்த்தவுடனையே அவருக்கு விளங்கியிட்டுது. எவ்வளவு நேரம் எண்டு கேட்டார். பத்து நிமிசம் எண்டன். வேலிக் கம்பியை ரண்டு கையாலையும் பிடிச்சுக்கொண்டு அவர் சொன்னது பிரெஞ்சிலைதான், ஆனால் எனக்கு அது தமிழிலைதான் மனசிலை நிக்குது.

“இந்த ஒப்பெராவோடை நிப்பாட்டுறன். ஆறு காட்சிதான். பரிஸின்ரை பேரை எழுதிப்போட்டு நானே போயிடுவன். அதுவரைக்கும் ஆருக்கும் சொல்லாதேங்கோ.”

“பிள்ளையாராணை சொல்லமாட்டன்,” எண்டன். பிள்ளையார் ஆர் எண்டு அவர் கேக்கேல்லை.

இந்த மறதி வருத்தம் எனக்குப் புதிசில்லை. என்ரை அண்ணைக்கும் வந்தது. அண்ணையின்ரை மகளுக்குச் சம்பந்தம் பேசிக்கொண்டிருந்த நேரம். மாப்பிள்ளை வீட்டாருக்குத் தெரிஞ்சால் பரம்பரை வருத்தம் எண்டு சொல்லிப் போட்டு எழும்பிப் போயிடுவினம். நானும் மச்சாளும் ஏழு மாசம் மூடி மறைச்சம். ஆரும் வீட்டை வந்தால் அண்ணை நித்திரை. ரெலிபோன் அடிச்சால் அண்ணை குளிக்கிறார். கலியாணத்தண்டு நான் அண்ணைக்குப் பக்கத்திலை நிண்டு, வாற ஒவ்வொருத்தரையும் காதுக்குள்ளை சொல்லிக்கொண்டிருந்தன்: இவர் சம்பந்தி, சிரியுங்கோ. இது சித்தப்பாவின்ரை மகன், கை குடுங்கோ. ஒரு குருவிக்கும் தெரியாமல் கலியாணம் முடிஞ்சுது. எங்கடை சனத்துக்கு வருத்தம் பெரிசில்லை, வெளியிலை தெரியிறதுதான் பெரிசு. மறைக்கிறதிலை நான் கெட்டிக்காரி எண்டு எனக்கு ஒரு பெருமை இருந்தது.

ஒத்திகை தொடங்கி ரண்டாம் கிழமை, மெத்ர் புத்தகத்தை என்னட்டைத் தந்தார். ஒவ்வொரு நாளும் வேலை முடிய என்ரை அலுமாரியிலைதான் வைச்சுப் பூட்டவேணும், வேறை ஆரும் திறக்கக்கூடாது எண்டார். நான் திறந்து பார்த்தன். நீலத்துக்கு நடுவிலை புதிசாய்ச் சாம்பல் நிறத்திலை எழுத்து. சாதாரணப் பென்சில். எனக்கு இங்கிலீசு ஊர்ப் பள்ளிக்கூடத்திலை படிச்ச அளவுதான், எண்டாலும் அதை வாசிக்கப் பெரிய படிப்பு தேவையில்லை. ‘இடப்பக்கம் திரும்பு.’ ‘பச்சைச் சட்டைக்காரிக்குக் கை காட்டு.’ ‘இவர் வரும்வரைக்கும் நில், அவசரப்படாதை.’ ஒரு பக்கத்தின்ரை மேல் மூலையிலை, ‘இது ரண்டாம் அங்கம். முதலாவது முடிஞ்சுது. நல்லாய்ச் செய்தாய்.’

நான் அண்ணைக்குக் காதுக்குள்ளை சொன்னதைத்தான் அந்த மனுசன் தனக்குத் தானே எழுதி வைச்சிருந்தது. எனக்குச் சத்தியமாய் அழுகை வந்திட்டுது. அவர் அதைப் பார்த்திட்டார். பிறகு, கடைசி நாள் முடிஞ்ச உடனை இந்தச் சாம்பல் எழுத்தையெல்லாம் தானே அழிப்பாராம், அப்ப என்ரை அழிறப்பரைக் கொஞ்சம் இரவல் தரவேணுமாம். நீலம் இருக்கட்டும், அதுதான் நான், இது நானில்லை எண்டு சொன்னார். அந்தப் புத்தகத்தை அவர் எங்கடை மண்டபத்துக்கே குடுக்கிறதாய் வாக்குக் குடுத்திருந்தவர். வாசல் மண்டபத்திலை கண்ணாடிப் பெட்டிக்குள்ளை வைக்கப் போறம் எண்டு மேலிடத்திலை கதைச்சுக்கொண்டிருந்தவை.

காட்சிகள் தொடங்கி அஞ்சு நாள் நல்லாய்ப் போச்சு. நான் கீழை ஒலிபெருக்கியிலை கேட்டுக்கொண்டிருப்பன், மூச்சை அடக்கிக்கொண்டு. ஒவ்வொரு நாளும் சனம் எழும்பி நிண்டு கை தட்டும். அவர் வேர்த்து விறுவிறுத்துப் படியிறங்கி வந்து புத்தகத்தை என்ரை கையிலை வைச்சு, ஒண்டு, ரண்டு எண்டு பிரெஞ்சிலை எண்ணுவார். வெள்ளிக்கிழமை அஞ்சு எண்டார். மிச்சம் ஞாயிற்றுக்கிழமை மத்தியானக் காட்சி ஒண்டுதான்.

அண்டைக்கே இடி விழுந்தது. மேடைத் தொழிலாளர் ஞாயிற்றுக்கிழமை கிறேவ் எண்டு அறிவிச்சவை. வேலைநிறுத்தம் இஞ்சை மழை மாதிரி, வந்தால் குடையை விரிச்சுக்கொண்டு போறதுதான். காட்சி ரத்து எண்டு வாசலிலை ஒட்டியிட்டினம். மெத்ருக்கும் சொன்னவை. அவர் மேல்கோட்டைப் போட்டுக்கொண்டு ஹோட்டலுக்குப் போயிட்டார். திரும்பக் கீழை வரேல்லை. அழிறப்பரும் கேக்கேல்லை.

சனிக்கிழமை காலமை பொறுப்பாளர் மனுசி வந்து, திங்கக்கிழமை காலமை புத்தகத்தைப் பக்கம் பக்கமாய்ப் படம் எடுக்க ஆக்கள் வருகினம், மேசையிலை எடுத்து வை எண்டா. மெத்ர் திங்கக்கிழமை லண்டனுக்குப் போறார். எனக்கு ஞாயிறும் திங்களும் லீவு. நான் அலுமாரியைத் திறந்து புத்தகத்தை எடுத்து மடியிலை வைச்சுக்கொண்டு யோசிச்சன். சாம்பல் எழுத்து அப்பிடியே இருக்கு. மறந்து போனார். தன்ரை மறதியை அழிக்கிறதையே மனுசன் மறந்து போச்சு. திங்கக்கிழமை அதை ஊர் உலகமெல்லாம் வாசிக்கப் போகுது. அவசரப்படாதை எண்டு தனக்குத் தானே எழுதினதைக் கண்ணாடிப் பெட்டிக்கு முன்னாலை நிண்டு ஆரார் சிரிக்கப் போறாங்களோ.

ஹோட்டலுக்கு ரெலிபோன் எடுத்துக் கேட்டிருக்கலாம். ஒரு சொல் கேட்டிருக்கலாம். ஆனால் ஒருத்தரின்ரை குறையை அவரிட்டையே எடுத்துக் கேக்கிறதே? எங்கடை வளர்ப்பிலை அது இல்லை. தெரிஞ்சவன் தெரியாத மாதிரி இருந்து செய்து முடிக்கவேணும், அதுதான் மரியாதை. கதவைப் பூட்டிப்போட்டு அழிக்கத் தொடங்கினன். பொழுதுபடும் வரைக்கும் அழிச்சன். ஒரு நீலக் கோட்டிலை கூடக் கை படேல்லை. தூசியைத் தூரிகையாலை தட்டி முடிச்சுப் பார்த்தால், புத்தகம் அவரின்ரை நல்ல காலத்திலை இருந்த மாதிரி இருந்தது. எனக்குச் சந்தோசம் எண்டால் அப்பிடி ஒரு சந்தோசம். வீட்டை போய் மீன் பொரிச்சுச் சாப்பிட்டன்.

ஞாயிற்றுக்கிழமை பத்தரை மணி இருக்கும், ரூ பெர்தொனேயிலை கறிவேப்பிலையும் முருங்கைக்காயும் வாங்கிக்கொண்டு நிக்கிறன், ரெலிபோனிலை மண்டபத்திலை இருந்து செய்தி வந்தது. பேச்சுவார்த்தை முடிஞ்சுதாம், கிறேவ் இல்லையாம், ரண்டரை மணிக்குக் காட்சி நடக்குதாம். கடைக்கார அண்ணை மிச்சக் காசை நீட்டிக்கொண்டு நிக்கிறார், நான் வாங்கேல்லை. என்ன தங்கச்சி, ஊரிலை ஆருக்கும் ஏதுமோ எண்டு கேட்டார். ஓம் எண்டு சொல்லிப்போட்டு ஓடினன்.

மெற்றோவிலை இருந்த நேரம் முழுக்க ஒண்டைத்தான் நினைச்சன். பென்சில் எழுத்தை அழிச்சாலும் தாளிலை அதின்ரை பள்ளம் இருக்கும். எங்கடை தொழிலிலை எல்லாருக்கும் தெரிஞ்ச விசயம். வெளிச்சத்தைச் சரிவாய்ப் பிடிச்சால் வாசிக்கலாம். அறைக்குள்ளை போய்க் கதவைச் சாத்தி, ரெலிபோன் லைற்றைத் தாளோடை படுக்க வைச்சுப் பார்த்தன். தெரிஞ்சுது. ‘இடப்பக்கம் திரும்பு.’ பள்ளத்துக்கு மேலை பென்சிலை வைச்சு எழுதத் தொடங்கினன்.

முதலாம் அங்கம் முடிய ஒரு மணித்தியாலத்துக்கு மேலை போச்சு. என்ரை எழுத்து அவரின்ரை எழுத்து மாதிரி வரேல்லை. என்ரை எழுத்து உருண்டை உருண்டையாய், கன்னியாஸ்திரிமார் படிப்பிச்ச எழுத்து. ரண்டாம் அங்கத்திலை அவரின்ரை கை களைச்சிருக்கவேணும், அழுத்தி எழுதேல்லை. பள்ளம் மேலோட்டமாய்ப் போச்சு. ஒவ்வொரு சொல்லுக்கும் கண்ணைத் தாளிலை முட்டிக்கொண்டு தேடினன். ரண்டு மணிக்கு மேடைக்காரர் வந்து கதவைத் தட்டினார், புத்தகம் மேடைக்கு முன்னாலை வாத்தியக்காரர் இருக்கிற குழிக்குப் போகவேணுமாம். அஞ்சு நிமிசம் எண்டன். இல்லை மடம், இப்பவே எண்டார். ரண்டாம் அங்கத்தின்ரை நடுவிலை ஒரு பக்கம், ‘பச்சை’ எண்டு மட்டும் எழுதின இடத்திலை புத்தகத்தை மூடிக் குடுத்தன்.

மெத்ரின்ரை அறைக்கு ஓடினன். கதவுக்கு வெளியிலை மேலிடத்து ஆக்கள் பூங்கொத்தோடை நிண்டவை. அவர் ஓய்வெடுக்கிறார், ஆரும் போகேலாது எண்டு சொன்னவை. தள்ளிக்கொண்டு போயிருக்கலாம். சத்தம் போட்டிருக்கலாம். சொன்னால் அவரின்ரை மறதியையும் சொல்லவேணும், என்ரை வேலையையும் சொல்லவேணும். எனக்குப் பயம். அவருக்காகப் பயந்தனோ, எனக்காகப் பயந்தனோ எண்டு இண்டு வரைக்கும் என்னையே கேட்டுக்கொண்டிருக்கிறன். எனக்காகவும்தான்.

மேடைக்குப் பக்கத்திலை ஒரு சின்னத் திரை இருக்கு. பாடுறவைக்கு மெத்ரின்ரை கை தெரியவேணும் எண்டு குழிக்குள்ளை கமெரா வைச்சு அதிலை காட்டுவினம். கறுப்பு வெள்ளைப் படம். நான் அதுக்கு முன்னாலை போய் நிண்டன். முதலாம் அங்கம் முழுக்க அவர் வடிவாய் நடத்தினார். என்ரை உருண்டை எழுத்தைக் கண்டு ஒருக்கால் புருவம் சுருங்கின மாதிரி இருந்தது, ஆனால் கை நிக்கேல்லை. இடைவேளைக்குப் பிறகு ரண்டாம் அங்கம். பச்சைச் சட்டைக்காரி பாடத் தொடங்கினாள். அவர் பக்கத்தைப் புரட்டினார். குனிஞ்சு பார்த்தார். முன்னுக்குப் புரட்டினார், பின்னுக்குப் புரட்டினார். வலக்கை இன்னும் அடிச்சுக்கொண்டிருந்தது, இடக்கை மட்டும் தாளைத் தடவிக்கொண்டிருந்தது, இருட்டிலை ஆள் சுவிச்சைத் தேடுற மாதிரி. பிறகு வலக்கை மேலை போனது. மேலை போனது கீழை வரேல்லை.

வயலின்காரர் கொஞ்ச நேரம் தங்கடை பாட்டுக்கு இழுத்துக்கொண்டு போனவை. ஒவ்வொரு வாத்தியமாய் விட்டுது. பச்சைச் சட்டைக்காரி தனியப் பாடி, அவளும் நிப்பாட்டினாள். அவர் கையைத் தூக்கினபடியே நிண்டார். திரையிலை அவரின்ரை முகத்தைப் பார்த்தன். ரூ லூயி-பிளாங்கிலை என்னைப் பார்த்த அதே முகம். திரைச்சீலை விழுந்தது. மெத்ருக்குச் சுகமில்லை எண்டு அறிவிச்சவை. அரை மணித்தியாலத்தாலை வேறை ஆள் வந்து மிச்சத்தை நடத்தி முடிச்சது.

அவர் என்னைக் கூப்பிட்டாராம். பென்சில் மடத்தை வரச் சொல்லுங்கோ எண்டாராம். அவரின்ரை அறைக்குப் போனன். டொக்டர் வாற வழியிலை இருந்தவர், மேலிடத்து ஆக்கள் வெளியிலை ரெலிபோனோடை. உள்ளுக்கை அவர் தனிய, வேர்த்த சட்டையோடை, மடியிலை புத்தகம். ரண்டாம் அங்கத்தின்ரை வெள்ளைப் பக்கம் திறந்திருந்தது.

“இதை ஆர் அழிச்சது?”

“நான்தான் அழிச்சன், மெத்ர்.” ஏன் செய்தன் எண்டு முழுக்கச் சொன்னன், கண்ணாடிப் பெட்டி, படம் எடுக்கிறது, எல்லாம். அவர் ஏசியிருந்தால் தாங்கியிருப்பன். ஏசேல்லை. ஒரு நாள்தானே மடம் மிச்சம் இருந்தது எண்டு சொல்லி முகத்தைப் பொத்திக்கொண்டார். தோள் ரண்டும் குலுங்கினது. நான் தண்ணி எடுத்துக் குடுத்தன். குடிச்சார். கோப்பையைக் கீழை வைச்சிட்டுப் பக்கத்தைப் பார்த்தார். “இதை ஆர் அழிச்சது?” எண்டார்.

திரும்பவும் சொன்னன். திரும்பவும் முகத்தைப் பொத்தினார். மூண்டாம் தரமும் கேட்டார், மூண்டாம் தரமும் சொன்னன். எனக்குத்தான் அது மூண்டாம் தரம். அவருக்கு ஒவ்வொரு தரமும் அப்பதான் முதல் தரம் வெட்டு விழுந்தது. ஒரு மனுசனை எத்தினை தரம் கொல்லுறது? நாலாம் தரம் கேட்டார். எனக்கு ஏலாமல் போச்சு.

“நீங்கள்தான் அழிச்சனீங்கள், மெத்ர்.”

“நானோ?”

“ஓம். கடைசி நாள் முடிய அழிக்கிறன் எண்டு சொன்னனீங்கள். என்னட்டை அழிறப்பர் இரவல் வாங்கினனீங்கள்.”

வெள்ளைப் பக்கத்தைத் தடவிப் பார்த்தார். முகம் மெல்ல மெல்ல இளகினது. “ஓம், சொன்னனான்,” எண்டார். “அப்ப முடிஞ்சுது.”

கடைசிப் பக்கத்தைத் தானே புரட்டினார். ஊர்ப் பேர்களை மேலை இருந்து கீழை விரலாலை தொட்டுக்கொண்டு வந்து, அடியிலை இருந்த கொஞ்ச வெறும் இடத்திலை விரலை வைச்சார். நீலப் பென்சிலைத் தரச்சொல்லிக் கையை நீட்டினார். வெளியிலை டொக்டரின்ரை குரல் கேட்டுது. மண்டபத்து ஒலிபெருக்கியிலை வேறை ஆரோ நடத்தின பாட்டுக்குச் சனம் கை தட்டிக்கொண்டிருந்தது. அவர் அதைக் கேட்டுத் தலையை ஆட்டிச் சிரிச்சார். நான் நீலப் பென்சிலை எடுத்து, முனை மழுங்கியிருந்ததைத் தீட்டி, அவரின்ரை கையிலை குடுத்தன். பரிஸ் எண்டு எழுதினார்.

அவர் இப்ப இங்கிலாந்திலை ஒரு வயோதிபர் இல்லத்திலை இருக்கிறார் எண்டு கேள்வி. அந்தப் புத்தகத்தைப் படம் எடுக்கிறதுக்கு முதல், முதலாம் ரண்டாம் அங்கங்களிலை ஆரோ உருண்டை எழுத்திலை கிறுக்கியிருக்கு, அதைத் துப்புரவாக்கு எண்டு பொறுப்பாளர் மனுசி சொன்னா. அழிச்சன். கடைசிப் பக்கத்தையும் ஒருக்கால் திறந்து பார்த்தன். நீலத்தை நாங்கள் அழிக்கிறேல்லை.